சிரிப்பு நடிகர் அண்ணனுக்கு அழுத நாள்

சனோபர் நீல அங்கிக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். பஞ்சு வைத்துத் தைத்த நீள அங்கி. நேராகச் சூடு பட்டால் துணி பளபளத்துவிடும் என்று ஈரத்துணியை மேலே விரித்துப் போட்டிருந்தாள். ஆனால் பெட்டியை அழுத்திய விதத்தில் அங்கிக்குள் யாரோ படுத்திருக்கிறார்கள், அவர்களை எழுந்திருக்க விடக்கூடாது என்பது போல இருந்தது. பக்கத்தில் இடைக்கச்சையும் கறுப்புத் தொப்பியும் தயாராக இருந்தன. பக்கத்து வீட்டுக்காரியான நான், ரெண்டு வீட்டுக்கும் நடுச்சுவரில் இருக்கிற சின்னக் கதவு வழியாக ஒரு சட்டி சூப்போடு உள்ளே போனபோது அவள் நிமிரவில்லை.

"வச்சிட்டு ஓடிராதே, முனவ்வர். உக்காரு. நான் யாரையாவது திட்டணும்."

உட்கார்ந்தேன். அன்று விடியற்காலையில்தான் அவள் புருஷன் நிஷானுடைய அண்ணன் ஹம்தம் இறந்திருந்தார். இதே சந்தில், நாலு வாசல் தள்ளி, அவர்கள் அப்பா கட்டிய பழைய வீடு. நண்பகல் தொழுகைக்குப் பிறகு அடக்கம்.

"அப்ரார் வந்திருந்தான். இவரு கை கால் கழுவப் போன நேரம் பாத்து." அப்ரார் ஹம்தமின் மகன். மாவட்ட அலுவலகத்தில் பெரிய பதவி.

"என்னவாம்?"

"'சித்தி, சித்தப்பா வாசல்ல நிக்க வேணாம். உள்ள பெரியவங்களோட உக்காரட்டும்'ங்கிறான். அவங்க ஆபீஸ்லேருந்து ஆளுங்க வர்றாங்களாம், மேலதிகாரி வர்றாராம். இவரு நின்னு அழுதா தெருவே சிரிக்குமாம்." இஸ்திரிப் பெட்டியைத் தூக்கி நட்டு வைத்தாள். "கூடப்பொறந்தவன் செத்துக் கெடக்கான். தம்பிக்காரன் திருடன் மாதிரி உள்ள ஒளிஞ்சு உக்காரணுமாம். எந்த ஊரு நியாயம் இது?"

எங்கள் தாஷ்கண்டில் இப்படி ஒரு நியாயம் கிடையாது. சாவு விழுந்த வீட்டின் ஆண்கள் அங்கி போட்டு, இடையில் கச்சை கட்டி, தடியை ஊன்றி வாசலில் நிற்க வேண்டும். துக்கம் கேட்க ஆட்கள் வர வர, செத்தவரை உறவு சொல்லிக் கூப்பிட்டு வாய்விட்டு அழ வேண்டும். மகன் "ஐயோ, எங்கப்பா!" என்பான், தம்பி "ஐயோ, எங்கண்ணே!" என்பான். வாசலில் நிற்காதவன் ரத்த உறவு இல்லை. அவ்வளவுதான் கணக்கு.

ஆனால் அப்ரார் சொன்னதில் பொய்யும் இல்லை. என் வயிற்றெரிச்சலே அதுதான்.

நிஷான் நாடகக் கல்லூரியில் முறையாகப் படித்தவர். பதினாலு வயதில் அப்பாவை இழந்தவரை, தந்தூர் அடுப்பில் ரொட்டி சுட்டுச் சுட்டு முழங்கை வரை வெந்துபோன ஹம்தம்தான் படிக்க வைத்தார். கல்லூரியில் அரசன், தளபதி, காதலில் செத்துப்போகிறவன் எல்லாம் நடித்துத் தேறிவிட்டு வெளியே வந்தார். வெளியே அவருடைய முகத்தைப் பார்த்தார்கள். நீள மூக்கு, குட்டைக் கழுத்து, எப்போதும் ஒரு புருவம் மட்டும் மேலே. சினிமாக்காரர்களுக்கு அது போதும். தட்டைக் கீழே போடுகிற பரிமாறுபவன், நாய்க்குப் பயப்படுகிற தபால்காரன், ஒரு பக்கம் மட்டும் மீசை வழித்துவிடுகிற நாவிதன். பெயர்ப் பட்டியலில் கீழே, ஜனங்கள் எழுந்து வெளியே போக ஆரம்பித்த பிறகு, அவர் பெயர் வரும்.

பிறகு அந்தப் படம் வந்தது. சோவியத் காலம் இன்னும் முடியவில்லை. எங்கள் ஊரில் கல்யாண வீட்டையும் சாவு வீட்டையும் தெருவிலிருந்து பார்த்தால் வித்தியாசம் தெரியாது. இரண்டுக்கும் வாசலில் பெஞ்சு வரிசை, இரண்டுக்கும் பலாவ் கொப்பரையும் புகையும், இரண்டுக்கும் அங்கி போட்ட ஆண்கள் நெஞ்சில் கை வைத்து வரவேற்க நிற்பார்கள். அவசரத்தில் தப்பான வாசலில் தப்பான வார்த்தையைச் சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொள்வது எந்தப் பேட்டையிலும், எங்கள் வார்த்தையில் எந்த மஹல்லாவிலும், நடப்பதுதான். படத்தில் நிஷான் ஒரு வெட்டிப்பயல். புகை தெரிகிற வாசலிலெல்லாம் போய்ச் சாப்பிடுகிறவன். கல்யாண வீட்டைச் சாவு வீடு என்று நினைத்து, கச்சையை இறுக்கிக்கொண்டு, மாப்பிள்ளையின் அப்பா பக்கத்தில் நின்று, பெண் வீட்டார் இறங்குகிற நேரத்தில் தலையைப் பின்னால் சாய்த்து ஓலமிடுவார்: "ஐயோ, எங்கண்ணே! என்ன விட்டுட்டு எங்க போறே!"

படத்தில் மொத்தம் ரெண்டு நிமிஷம் வருகிற காட்சி. அந்த ரெண்டு நிமிஷம் அவருடைய மீதி வாழ்க்கை முழுவதையும் தின்றது.

அதற்குப் பிறகு அவர் தெருவில் நடந்தால் கறிக்கடைக்காரன் கத்தியை நிறுத்திவிட்டு "ஐயோ, எங்கண்ணே!" என்பான். பஸ்காரன் கதவைத் திறக்காமல் "அழுதாத்தான் ஏத்துவேன்" என்பான். அவர் மகள் கல்யாணத்தில் பாட்டுக்காரன் மைக்கை அவர் வாயில் வைத்தான். ஒரு தடவை நெஞ்சுவலி வந்து ஆம்புலன்சில் படுத்திருந்தார், நான்தான் சனோபருக்குத் துணையாகக் கூடப் போனேன். ஊசியைக் கையில் வைத்துக்கொண்டு அதிலிருந்த மருத்துவ உதவியாளன் கேட்டான்: "ஐயா, ஒரே ஒரு தடவை. எங்க அம்மாவுக்கு உங்கள ரொம்பப் பிடிக்கும்." சனோபர் அவன் கையைப் பிடித்து, "மொதல்ல குத்துடா, அப்புறம் உங்கம்மாவப் பாத்துக்கலாம்" என்றாள். நிஷான் அந்த நிலைமையிலும் புருவத்தைத் தூக்கிக் காட்டினார். அந்த மனுஷன் இல்லை என்று சொல்லத் தெரியாதவர். அதைத்தான் எல்லோரும் நல்ல குணம் என்றார்கள்.

ஸ்டுடியோ மூடிக் கிடந்த வருஷங்களில் பழைய ஜிகுலி காரை டாக்சியாக ஓட்டினார். ஏறியவர்களெல்லாம் அழச் சொன்னார்கள். பிறகு தனியார் படங்கள் வந்தன, தொலைக்காட்சித் தொடர்கள் வந்தன. தூங்குகிற காவல்காரன், வீட்டோடு இருக்கிற குடிகார மாப்பிள்ளை, வாய்க்காலில் விழுகிற மாமா. ஐம்பத்தைந்து வயதில், ஜனவரிக் குளிரில், தெரு வாய்க்காலில் மூன்று தடவை விழ வைத்தான் ஒரு டைரக்டர். முதல் ரெண்டு தடவை முகம் சிரிப்பாக இல்லையாம். சனோபர் ஒரு வாரம் உப்பை வறுத்துத் துணியில் கட்டி அவர் முதுகில் வைத்தாள். அந்தக் காட்சியை இன்றைக்கும் ஒவ்வொரு புதுவருஷத்துக்கும் போடுகிறார்கள்.

சோக வேஷம் கேட்டுப் போகாமலும் இல்லை. "உஸ்தாத், நீங்க சும்மா வந்து நின்னாலே சனம் சிரிக்குது. ஆண்டவன் குடுத்த வரம். அத ஏன் கெடுத்துக்கறீங்க?" என்பார்கள். ஒரே ஒரு தொடரில், மகனைப் பறிகொடுத்த அப்பா வேஷம் தந்தார்கள். ரெண்டு நாள் நடித்துவிட்டு வந்து சாப்பிடாமல் படுத்துக்கொண்டார். அவ்வளவு நன்றாக வந்திருந்ததாம். ஒளிபரப்பான அன்று அண்ணன் வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து பார்த்தோம். அவர் அழுகிற இடத்தில் பின்னால் ஒரு கோமாளி ஊதல் இசையைச் சேர்த்திருந்தார்கள். பீப், பீப் என்று. ஹம்தம் எழுந்து போய் டிவியை அணைத்தார்.

அந்த ஹம்தம்தான் இப்போது நாலு வாசல் தள்ளி வெள்ளைத் துணிக்குள் கிடந்தார்.

நிஷான் முற்றத்திலிருந்து ஈரக் கையோடு வந்தார். சனோபர் எதையும் மறைக்கிறவள் இல்லை. அப்ரார் சொன்னதை ஒரு வார்த்தை குறைக்காமல் சொன்னாள். அவர் துண்டால் விரல்களை ஒவ்வொன்றாகத் துடைத்துக்கொண்டே கேட்டார். அதற்குள் அப்ராரே வாசலில் நின்றான். நல்ல உயரம், கண் வீங்கியிருந்தது, கச்சை கட்டியிருந்தான்.

"சித்தப்பா, தப்பா எடுத்துக்காதீங்க…"

"எடுத்துக்கிட்டேன்," என்றார் நிஷான். "மேல சொல்லு."

"போன வருஷம் எங்க பெரியத்தை அடக்கத்துல என்ன ஆச்சுன்னு உங்களுக்கே தெரியும். நீங்க வாயத் தொறந்தீங்க, பசங்க போன எடுத்தாங்க."

"நான் தொறந்தது தப்பா, அவனுங்க எடுத்தது தப்பா?"

"யாரு தப்புன்னு இப்ப விசாரணை வைக்க நேரம் இல்ல சித்தப்பா. எங்கப்பாவ மரியாதையா அனுப்பணும். அவ்வளவுதான் கேக்கறேன்."

"உங்கப்பன்," என்றார் நிஷான் மெதுவாக. "எனக்கு அவன் யாருடா?"

அப்ரார் தரையைப் பார்த்தான். பிறகு சொன்னான்: "சரி, நில்லுங்க. ஆனா சத்தம் வேணாம். வாயத் தொறக்க மாட்டேன்னு வாக்குக் குடுங்க."

அவர் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டார். "சரி," என்றார்.

சனோபர் கச்சையை எடுத்து அவர் மேல் வீசினாள். "கட்டிக்கங்க. மிச்சம் இருந்தா வாயையும் சேத்துக் கட்டிக்கங்க."

பெண்களுக்கு வாசலில் இடம் இல்லை. நானும் அவளும் ஹம்தம் வீட்டுப் பெரிய கதவின் ஒரு பாதிக்குப் பின்னால், இடுக்கு வழியாகப் பார்த்துக்கொண்டு நின்றோம். உள்ளே பெண்களின் ஒப்பாரி, வெளியே ஆண்கள் வரிசை. அப்ரார் முதலில், பக்கத்தில் அவன் தம்பி, மூன்றாவதாக நிஷான். ஆட்கள் வர வர மகன்கள் இருவரும் "ஐயோ, எங்கப்பா!" என்றார்கள். நிஷான் தடியை ஊன்றிக்கொண்டு, உதட்டை உள்ளே இழுத்துக் கடித்துக்கொண்டு நின்றார்.

வந்தவர்கள் என்ன செய்தார்கள் என்று நான் பார்த்தேன். அப்ராருக்குத் துக்கம் சொல்லிவிட்டு, கையை நெஞ்சில் வைத்து, நிஷான் முன்னால் வந்ததும் ஒரு நொடி நின்றார்கள். உதட்டோரம் தயாராக இருந்தது. கடையில் எடை போடக் காத்திருப்பது போலக் காத்திருந்தார்கள். அவர் வாயைத் திறக்கவில்லை. ஏமாந்து போய் பெஞ்சில் உட்கார்ந்தார்கள். உட்கார்ந்ததும் அடுத்த பேச்சு.

"ஒரு சொட்டுக் கண்ணீர் இல்ல பாத்தியா?"

"காசு குடுத்தாத்தான் அழுவான் போல."

சனோபர் என் மணிக்கட்டைப் பிடித்த பிடியில் வளையல் பதிந்தது. "நான் வெளிய போறேன்," என்றாள். "போகாதே," என்றேன். "போனா அதுக்கும் சிரிப்பாங்க."

ஹம்தமோடு நாற்பது வருஷம் ஒரே அடுப்பில் ரொட்டி சுட்ட எர்மத் வந்தார். பார்வை மங்கிய கிழவர், சினிமா பார்க்காதவர். நிஷான் முன்னால் நின்று, காதைக் கொடுத்துக் கேட்டார். ஒன்றும் வரவில்லை.

"ஏண்டா, அண்ணன் சோத்தத் தின்னு வளந்தவன்தானே நீ? ஒரு சத்தம் குடுத்தா கொறைஞ்சா போயிருவே? கல்லாட்டம் நிக்கிறியே."

நிஷானின் தாடை ஆடியது. அப்ரார் பக்கவாட்டில் அவரைப் பார்த்தான். கிழவர் துப்புகிற மாதிரி ஒரு சத்தம் செய்துவிட்டு நகர்ந்தார்.

தொழுகை நேரம் நெருங்கியதும், உடம்பு வைத்த சந்தூக்கைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். நாங்கள் ஒளிந்து நின்ற கதவு முழுசாகத் திறந்தது. நாங்கள் சுவரோடு ஒட்டிக்கொண்டோம். பட்டுத்துணி போர்த்திய பெட்டி, நான்கு தோள்கள், நிலைப்படியைத் தாண்டும்போது ஒரு சாய்வு. அந்தச் சாய்வில் ஹம்தமின் உடம்பு உள்ளே நகர்ந்த சத்தம் எங்களுக்கே கேட்டது. நிஷானுக்குக் கேட்காமல் இருக்குமா?

தடி கீழே விழுந்தது. தலை பின்னால் சாய்ந்தது.

"ஐயோ, எங்கண்ணே!"

அடிவயிற்றில் தொடங்கி, நடுவில் உடைந்து, மேலே ஏறி, கடைசியில் விக்கல் மாதிரி மூச்சை உள்ளே இழுத்துக்கொள்கிற அதே குரல். சந்துப் பையன்கள் வாயில் ஆயிரம் தடவை நான் கேட்ட அதே அழுகை. ஒரு எழுத்துக்கூட மாறவில்லை.

"என்ன விட்டுட்டு எங்க போறே!"

முதலில் ஒரு மூக்குச் சத்தம். யாரோ அடக்கப் பார்த்து முடியாமல் விட்டது. பிறகு பெஞ்சு வரிசையில் ஒருவன் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டான், தோள் குலுங்கியது. ரெண்டு போன்கள் மேலே வந்தன. அலுவலகத்திலிருந்து வந்த பெரிய மனுஷர் கைக்குட்டையால் வாயை மூடிக்கொண்டார்.

நிஷான் திரும்பினார். அவர் முகத்தை நான் அப்படிப் பார்த்ததே இல்லை. புருவம் ரெண்டும் கீழே இருந்தன. பெஞ்சு வரிசையோடு நடந்து, போன் பிடித்திருந்த ஒருவனின் எதிரே போய், மூக்கோடு மூக்கு வைத்து நின்று, மறுபடி அழுதார். முழுசாக. விக்கல் வரைக்கும். அடுத்தவனிடம் போனார், அவனுக்கும் அழுதார். மூன்றாவதாகப் பெரிய மனுஷர். "சிரிங்க," என்றார். "பாதியில நிறுத்தாதீங்க. ஐயோ, எங்கண்ணே!"

சிரிப்பு நின்றுவிட்டது. ஆனால் யாரும் அழவும் இல்லை. அப்ரார் ஓடி வந்து அவர் அங்கிக் கையைப் பிடித்தான். "சித்தப்பா, போதும். கால்ல விழறேன்." சந்தூக்கு அதற்குள் சந்து முனையில் திரும்பிவிட்டிருந்தது. நிஷான் கையை உதறிவிட்டு, தடி இல்லாமல், அதன் பின்னால் ஓடினார்.

இடுகாட்டிலிருந்து பிற்பகலில் திரும்பினார்கள். மூன்று நாளைக்குச் சாவு வீட்டார் சமைக்கக் கூடாது. மஹல்லா முழுவதும் சமைத்து அனுப்பியிருந்தது. அண்ணன் வீட்டு உள் அறையில் நிஷான் தனியாக உட்கார்ந்திருந்தார், அங்கியில் புதுமண். சனோபர் கிண்ணத்தில் தேநீர் ஊற்றினாள். நான் அவள் கொண்டுவந்த ரொட்டியைப் பிட்டு வைத்துக்கொண்டிருந்தேன். அப்ரார் வந்து கதவைச் சாத்தினான். போனைச் சித்தப்பாவின் முழங்கால் பக்கம் வைத்தான்.

"பாருங்க. அடக்கம் முடியறதுக்கு முன்னாடியே போட்டுட்டானுங்க. கீழ பூரா சிரிப்பு பொம்ம."

அவர் பார்க்கவில்லை.

"வாக்குக் குடுத்தீங்களே சித்தப்பா." அவன் குரல் உடைந்தது. அதிகாரி குரல் இல்லை, சின்ன வயது அப்ரார் குரல். "எங்கப்பா கடைசியா வாசலத் தாண்டுனத நான் இனிமே எப்படி நினைப்பேன்? பின்னால சிரிப்புச் சத்தத்தோடதான நினைப்பேன்? இத நீங்க எனக்குப் பண்ணியிருக்க வேணாம்."

"நானா பண்ணேன்?"

"நீங்க பண்ணல. சரி. ஆனா நீங்க இருந்தா நடக்குது. நாளைக்கும் மறுநாளும் ஆளு வருவாங்க. நீங்க வீட்டுலயே இருங்க. நான் சொல்லிக்கறேன், ஒடம்பு சரியில்லன்னு."

"ஒடம்புக்கு என்னடா கேடு அவருக்கு?" என்றாள் சனோபர். "கேடெல்லாம் உங்க…"

"நீ இரு," என்றார் நிஷான். தேநீர்க் கிண்ணத்தைத் தள்ளி வைத்தார். "அப்ரார், உங்க தாத்தா செத்தப்போ நீ பொறக்கல. எனக்குப் பதினாலு வயசு. உங்கப்பனுக்கு இருபத்தாறு. இதே வாசல். நான் அவன் பக்கத்துல நின்னேன். எனக்கு அழத் தெரியல. எப்படி ஆரம்பிக்கறதுன்னே தெரியல. உங்கப்பன் தலையப் பின்னால சாச்சான். வயித்துலேருந்து வந்துச்சு. 'ஐயோ, எங்கப்பா! என்ன விட்டுட்டு எங்க போறே!' கடைசில மூச்ச உள்ள இழுத்தான், விக்கல் மாதிரி."

அப்ரார் நிமிர்ந்தான்.

"அத நான் மறக்கல. படத்துல அந்தக் காட்சி வந்தப்போ டைரக்டரு, 'சிரிக்கிற மாதிரி அழுங்க'ன்னாரு. எனக்கு ஒரே ஒரு அழுகைதான் தெரியும். அத எடுத்து வச்சேன். அப்பாவுக்குப் பதிலா அண்ணேன்னு மாத்துனேன், அவ்வளவுதான். ஊரே உருண்டு சிரிச்சுது. உங்கப்பனும் என் பக்கத்து சீட்டுலதான் உக்காந்து பாத்தான். வெளிய வந்து என்ன சொன்னான் தெரியுமா? 'நல்லாத்தான் அழுதே. என்ன மாதிரியே.' வேற ஒரு வார்த்த சொல்லல. சாகற வரைக்கும் சொல்லல."

நிஷான் அங்கியில் ஒட்டியிருந்த மண்ணை விரலால் சுரண்டினார்.

"இத்தன வருஷமா ஊரு சிரிச்சது என்னப் பாத்து இல்லடா. உங்கப்பன் அழுததப் பாத்து. இன்னிக்கு நான் அதத் திருப்பிக் குடுக்கப் போனேன், வாசல்ல வச்சு. அதுக்கும் வாயக் கட்டுங்கிறே." குரல் ஏறியது. "சரி, கட்டுறேன். நீ ஒண்ணு மட்டும் சொல்லு. நீ படிச்சவன், நாலு பேரக் கேள்வி கேக்கறவன். எங்கண்ணனுக்கு நான் வேற யாரோட அழுகைய அழுறது?"

அப்ரார் போனைத் தரையிலிருந்து எடுத்துக் கவிழ்த்து வைத்தான். சனோபர் தன் வெறுங்கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள், எதை எடுப்பது என்று தெரியாதவள் போல.

வெளியே பெஞ்சுகள் நகரும் சத்தம் கேட்டது. யாரோ முற்றத்திலிருந்து கூப்பிட்டார்கள்: "ஆளுங்க வர்றாங்க! வாசல்ல யாரும் இல்லையே?"

நிஷான் சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். கச்சை தளர்ந்திருந்தது. அவிழ்த்து, மண்ணை உதறி, மறுபடி சுற்றி, வயிறு உள்ளே போகும் அளவுக்கு இழுத்து முடிச்சுப் போட்டார். தொப்பியைச் சரி செய்துகொண்டார்.

"சித்தப்பா," என்றான் அப்ரார். "எங்க போறீங்க?"

நிஷான் கதவைத் திறந்து வெளியே போனார்.